கல்தொட்டி நத்தைகள்

யாராவது குறட்டை விட்டால் என்னால் பக்கத்தில் உட்கார்ந்திருக்க முடியாது. ரயிலில் எதிர் பெஞ்சுக்காரர் வாயைத் திறந்து தூங்க ஆரம்பித்தால் எழுந்து கதவோரம் போய் நின்றுகொள்வேன். என் மனைவி இதைத் திமிர் என்பாள். திமிரெல்லாம் இல்லை, பயம். அந்தச் சத்தத்தை நான் முதலில் கேட்டது மாட்டின் மூக்கிலிருந்து. அதை அந்த மூக்குக்குள் கொண்டுபோய் வைத்தவனும் நான்தான்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளின் நடுவில் சேலத்தில் இன்டர்மீடியட் படித்துக்கொண்டிருந்தேன். அஸ்தம்பட்டியில் மூன்று பேராக ஓர் அறை எடுத்துத் தங்கியிருந்தோம். எனக்கு விலங்கியல் என்றால் உயிர். மற்ற இருவரும் கணக்குப் பாடம். அவர்கள் சோறு தின்னும்போது கரப்பான்பூச்சியின் வாயுறுப்புகளை விவரித்து வெறுப்பேற்றுவது என் வழக்கம். உயிர்களையெல்லாம் முதுகெலும்பு உள்ளவை, இல்லாதவை என்று இரண்டாகப் பிரித்து, இல்லாதவற்றை வரிசையாக ஒரு பெரிய தாளில் எழுதிச் சுவரில் ஒட்டியிருந்தேன். ஒற்றைச் செல் பிராணி, கடற்பஞ்சு, தட்டைப்புழு, உருளைப்புழு, மண்புழு, பூச்சியும் நண்டும், அப்புறம் மெல்லுடலிகள். நத்தை, சிப்பி, மட்டி எல்லாம் அந்தக் கடைசிக் கட்டத்தில். ஒவ்வொன்றுக்கும் ஒரு கட்டம். கட்டத்துக்குக் கட்டம் நன்றாக மையால் கோடு போட்டிருந்தேன். இந்தக் கட்டத்தில் இருப்பது அந்தக் கட்டத்துக்குப் போகாது என்று நினைத்த வயது அது.

கோடை விடுமுறைக்கு முன் எங்கள் பேராசிரியர், திரும்பி வரும்போது ஆளுக்குப் பத்து நத்தை கொண்டு வர வேண்டும் என்றார். பெரிய நத்தையாக இருக்க வேண்டும், உயிரோடு இருக்க வேண்டும். அறுத்துப் பழக ஆனியில் பத்து. அடுத்த பங்குனியில் செய்முறைப் பரீட்சைக்கு இன்னும் பத்து. எங்கள் தோட்டம் மல்லசமுத்திரத்துக்குப் பக்கம். சித்திரையில் அங்கே ஏரியில் புழுதிதான் பறக்கும், நத்தைக்கு எங்கே போவது? பள்ளிபாளையத்தில் அக்காளைக் கட்டிக் கொடுத்திருந்தது. விடுமுறையில் அங்கே போனபோது, காவிரிக் கரையோரம் தேங்கிக் கிடந்த ஒரு குட்டையில் முட்டி வரை இறங்கிப் பெரிய நத்தைகளாக முப்பது பொறுக்கினேன். வழியில் செத்துப் போகாமல் இருக்க அதே குட்டைத் தண்ணீரும் பாசியும் ஒரு மண்பானை நிறைய எடுத்துக்கொண்டேன்.

நான் பொறுக்கிக்கொண்டிருந்தபோது அதே குட்டையில் எட்டுப் பத்து மாடுகள் கழுத்தளவு நின்றிருந்தன. அவற்றில் மூன்றோ நான்கோ கரகரவென்று மூச்சு விட்டன. நின்றபடியே தூங்குகின்றனவா என்று சிரித்துக்கொண்டே மாமனைக் கேட்டேன்.

"ஆத்தங்கரை மாடெல்லாம் அப்படித்தான் மாப்பிள்ளை. நாங் கண்ட நாள் தொட்டே கொறட்டைதான்" என்றார் அவர்.

விலங்கியலில் வகுப்பில் முதலாக வருபவன் நான். ஒரு மாடு விழித்துக்கொண்டே ஏன் குறட்டை விடுகிறது என்று எனக்குக் கேட்கத் தோன்றவில்லை.

தோட்டத்தில் எங்கள் தண்ணீருக்கு ஒரே ஆதாரம் கவலைக் கிணறு. இரண்டு எருதுகள் சரிவில் இறங்கி வடத்தை இழுக்க, தோல்பறி நிறைய நீர் மேலே வந்து வாய்க்காலில் கொட்டும். பிறகு எருதுகள் பின்வாங்கி மேடேறும். காலையிலிருந்து உச்சி வரை இதே நடை. எருதுகள் சாம்பல் நிற மயிலை ஒன்று, செந்நிறச் செவலை ஒன்று. அவற்றை ஓட்டியவர் எங்கள் பண்ணையாள். என்னைவிட இருபத்தைந்து வயது மூத்தவர். அவரை நான் வா, போ என்றுதான் பேசினேன். அவர் என்னைச் சாமி என்றார். இப்போது எழுதும்போது 'அவர்' என்று எழுதுவதால் அன்றைய கணக்கு நேராகிவிடாது என்பது எனக்குத் தெரியும்.

கிணற்று மேட்டில் எருதுகள் தண்ணீர் குடிக்க ஒரு கல்தொட்டி உண்டு. வாரம் ஒரு நாள் அவர் அதைக் காலி செய்து, தேங்காய் நாரால் தேய்த்து, வெயிலில் ஒரு பொழுது காயவிட்டுப் பிறகு நிரப்புவார். நான் பானையை அதில்தான் கவிழ்த்தேன்.

"தொட்டிய இனிமே கழுவாதே. தண்ணி மட்டும் விட்டுட்டே இரு. பங்குனி வரைக்கும் இதுக உசுரோட இருக்கணும்" என்றேன்.

"சரீங்க சாமி. மாடு குடிச்சா ஒண்ணும் ஆகாதுங்களா?"

"நத்தை மாட்டக் கடிக்குமா?" என்று கேலி செய்தேன்.

அவரும் சிரித்தார். ஆனால் நத்தைகள் மேல் அவருக்கு ஓர் ஆசை வந்துவிட்டது. ஒன்றைக் கையிலெடுத்து அது கொம்பு நீட்டும் வரை பொறுமையாகக் காத்திருப்பார். "ஏனுங்க சாமி, இதுக்கு உள்ள எலும்பே கெடையாதுங்களா? அப்பறம் ஊட்ட மட்டும் கல்லாட்டக் கட்டிக்குது பாருங்க" என்பார். நான் என் சுவர்த்தாளை வாயால் ஒப்பித்துக் காட்டினேன். புழு இங்கே, பூச்சி இங்கே, நத்தை இங்கே என்று மண்ணில் குச்சியால் கட்டம் போட்டேன். அவர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "எல்லாம் ஒரே குட்டையிலதானுங்களே கெடக்குது" என்றார். படிக்காத ஆள், இவருக்கு எங்கே புரியப் போகிறது என்று நினைத்துக்கொண்டேன்.

ஆனியில் பத்து நத்தையோடு கல்லூரிக்குப் போனேன். ஐப்பசியில் தீபாவளிக்கு வந்தபோது தொட்டியைப் போய்ப் பார்த்தேன். பெரியவற்றில் சில செத்திருந்தன. ஆனால் பாசியோடு ஒட்டி வந்திருந்த வேறொரு வகை, தட்டையாகச் சுருண்ட சின்னஞ்சிறு நத்தைகள், தொட்டி முழுக்கப் பெருகியிருந்தன. கல் தெரியவில்லை. கையை விட்டால் விரலிடுக்கில் வந்து ஒட்டின. மயிலை அந்தப் பக்கம் வந்து தண்ணீரில் மூக்கை முக்கியது. அப்போதுதான் அந்தச் சத்தம் கேட்டது.

கர்ர் என்று உள்ளே போய், கர்ர் என்று வெளியே வந்தது. மூக்கிலிருந்து சளி நூலாய் வழிந்து தொட்டித் தண்ணீரில் விழுந்தது. மாடு தலையை ஆட்டிவிட்டு மறுபடி குடித்தது.

"ஒரு மாசமா இப்படித்தானுங்க. சளின்னு மொளகு பொகை போட்டமுங்க. அப்பறம் மூக்குத் தண்டுல சூடும் இழுத்தமுங்க. ஒண்ணும் கேக்கல" என்றார் அவர். மயிலையின் மூக்கில் மூன்று கோடுகள் கருகிக் கிடந்தன. அதைத் தடவியபோது அவர் கண் கலங்கிற்று. கன்றாக வந்த நாள் முதல் அவர் கையில் வளர்ந்தது அது.

எனக்குப் பள்ளிபாளையத்துக் குட்டை ஞாபகம் வந்தது. பொய் சொல்ல மாட்டேன், வந்தது. ஆனால் ஆற்றங்கரை மாடு வேறு, எங்கள் மாடு வேறு என்று அதை ஒதுக்கிவிட்டுப் பலகாரம் தின்னப் போனேன்.

மார்கழியில் அரையாண்டுப் பரீட்சை. மெல்லுடலிகளின் நன்மை தீமைகளை எழுதுக என்று ஒரு கேள்வி. முத்து, சுண்ணாம்பு, சங்கு, உணவு என்று நன்மைகளைப் பட்டியல் போட்டேன். தீமைக்கு, கப்பல் மரத்தைத் துளைக்கும் ஒரு சிப்பியையும் தோட்டத்துக் கீரையைத் தின்னும் நத்தையையும் எழுதினேன். வகுப்பிலேயே எனக்குத்தான் அதிக மதிப்பெண். பேராசிரியர் என் விடையை எழுந்து நின்று படிக்கச் சொன்னார். அன்றைக்கு எனக்குத் தரையில் கால் பாவவில்லை.

பொங்கலுக்கு வீட்டுக்கு வந்தேன். வண்டிப்பாதையில் திரும்பும்போதே கேட்டது. இப்போது இரண்டு சத்தம். ஒன்று முடியும் இடத்தில் இன்னொன்று தொடங்கியது. செவலைக்கும் வந்துவிட்டிருந்தது. ஆனால் தோட்டத்தில் பருத்தி காய் பிடிக்கும் சமயம், கவலையை நிறுத்த முடியாது. அப்பா கிணற்று மேட்டில் நின்றுகொண்டு, எருதுகள் மேடேறும் ஒவ்வொரு முறையும் தன் மூச்சையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டிருந்தார். வீட்டில் யாரும் சத்தமாகப் பேசவில்லை. அந்த இரண்டு மூக்குகளைத்தான் எல்லோரும் கேட்டுக்கொண்டிருந்தோம்.

மாட்டுப் பொங்கல் கழிந்த மறுநாள் காலை, நிறைந்த பறியை இழுத்துச் சரிவில் பாதி இறங்கிய மயிலை நின்றது. மூச்சுக்குத் தவித்து வாயைத் திறந்தது, முன்னங்கால்கள் மடங்கின. செவலை ஒன்றே எவ்வளவு தாங்கும்? பறியின் கனம் இரண்டையும் பின்னாலேயே கிணற்றை நோக்கி இழுத்தது. குளம்புகள் மண்ணைக் கீறிக்கொண்டு வந்தன. நானும் அப்பாவும் கிணற்று மேட்டில் நின்றிருந்தோம். எருதுகளை ஓட்டியபடி வடத்தின் மேல் உட்கார்ந்திருந்த அவர் குதித்து முன்னால் பாய்ந்து, நுகத்தில் வடம் மாட்டியிருந்த முளையைக் கையாலேயே பிடுங்கினார். வடம் சாட்டை போலச் சீறிப் பறந்து அவர் தோளைக் கிழித்துக்கொண்டு போனது. பறி கிணற்றுக்குள் விழுந்து வெடித்தது. எருதுகள் விளிம்பிலிருந்து நாலு முழத்தில் நின்றன.

அப்பா அவர் தோளில் தன் துண்டைக் கட்டிவிட்டார். "எங் குடும்பத்தயே காப்பாத்திட்டடா" என்றார். அப்பா ஒரு பண்ணையாளைத் தொட்டு நான் பார்த்தது அன்றுதான்.

அதன் பிறகுதான் மாட்டு டாக்டருக்குச் சொல்லி அனுப்பினோம். இளவயதுக்காரர். மரப்பெட்டியில் ஒரு மைக்ராஸ்கோப்போடு வண்டியில் வந்து இறங்கினார். மயிலையின் மூக்கில் விரலை விட்டுப் பார்த்து, உள்ளே காலிஃபிளவர் மாதிரி சதை வளர்ந்திருக்கிறது என்றார். சளியைக் கண்ணாடியில் தடவிப் பார்த்துவிட்டு என்னைக் கூப்பிட்டார். அரிவாள் வளைவில் ஒரு முட்டை தெரிந்தது. "தட்டைப்புழு. மூக்கோட ரத்தக்குழாயில குடியிருக்கும். முட்டை சளியோட தண்ணீரில விழும். ஆனா அங்கிருந்து நேரா மாட்டுக்கு வராது. நடுவில அதுக்கு ஒரு நத்தை வேணும்" என்றார்.

மாடு எங்கே தண்ணீர் குடிக்கும் என்று கேட்டுவிட்டு டாக்டரே நடந்து தொட்டிப் பக்கம் போனார். நான் பின்னால் போனேன்.

அந்தத் தட்டை நத்தைகளில் பத்துப் பன்னிரண்டை ஒரு கண்ணாடி டம்ளரில் போட்டு நல்ல தண்ணீர் ஊற்றி வெயிலில் வைத்தார். மதியம் சாப்பிட்டுவிட்டு வந்து, டம்ளருக்குப் பின்னால் என் கறுப்புக் குடைத்துணியைப் பிடித்தார். தெளிந்த தண்ணீரில் வெண்தூசி மாதிரி ஆயிரக்கணக்கில் ஏதோ துடித்துக்கொண்டிருந்தது. வால் நுனி இரண்டாகப் பிளந்த புழுக்குஞ்சுகள். மாடு மூக்கை வைத்த மாத்திரத்தில் தோலைத் துளைத்து உள்ளே போய்விடும் என்றார். மாட்டிலிருந்து நத்தைக்கு, நத்தையிலிருந்து மாட்டுக்கு, ஒரே தொட்டிக்குள் ஒன்பது மாதமாக அது சுற்றி வந்திருக்கிறது. என் சுவர்த்தாளில் தட்டைப்புழுவுக்கும் மெல்லுடலிக்கும் நடுவில் மூன்று கட்டம் இருந்தது.

"இந்த நத்தை கிணத்து மேட்டுக்கு எப்படி வந்துச்சு?" என்று டாக்டர் கேட்டார்.

"தெரியலீங்க" என்றேன்.

அப்பா வந்து சேர்ந்தார். டாக்டர் அவரிடம், வாரம் ஒருமுறை தொட்டியைக் காயவிட்டிருந்தால் ஒரு நத்தைகூட மிஞ்சியிருக்காது என்றார். பல மாதமாகக் கழுவவே இல்லை போலிருக்கிறதே என்றும் சொன்னார். அப்பா திரும்பினார். தோளில் கட்டோடு எருதுகளைப் பிடித்தபடி அவர் தள்ளி நின்றுகொண்டிருந்தார்.

"ஏண்டா, தொட்டிய ஏண்டா கழுவல?"

அவர் என்னைப் பார்த்தார். குற்றம் சாட்டும் பார்வை இல்லை அது. நான் சொல்வேன் என்று காத்திருந்தார், அவ்வளவுதான். நத்தை கொம்பு நீட்டக் காத்திருப்பாரே, அதே பொறுமை. நான் டம்ளரைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

"தப்புத்தானுங்க" என்றார் அவர்.

அப்பா கத்தவில்லை, அடிக்கவில்லை. "பொழுதுக்குள்ள ஊட்டக் காலி பண்ணிரு" என்றார். வருஷக் கெடு முடியாமல் நடுவில் அனுப்பப்பட்ட பண்ணையாளை அக்கம்பக்கத்தில் ஒருவரும் சேர்க்க மாட்டார்கள். அது எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும். என் வாயில் அந்த ஒரு வாக்கியம் இருந்தது. நாந்தான் கழுவ வேண்டாமென்றேன். மூன்று சொல் சேர்ந்தால் ஒரு குடும்பம் தங்கியிருக்கும். அப்பாவுக்கு நான் படித்த பிள்ளை, ஊருக்கு முன்னால் மார்தட்டிக் காட்டுகிற பிள்ளை. அந்த மரியாதையை இழக்க எனக்கு மனசில்லை. முதுகெலும்பில்லாதவற்றைப் பற்றி அத்தனை எழுதியவன் வாயை மூடிக்கொண்டு வீட்டுக்குள் போனேன்.

பொழுது சாயும் முன் அவரும் மனைவியும் இரண்டு பிள்ளைகளும் சட்டிபானைகளைத் தலையில் வைத்துக்கொண்டு கிழக்கே நடந்தார்கள். மறுநாள் அப்பா தொட்டியைக் கவிழ்த்து, சுண்ணாம்பு கொட்டிக் காயவிட்டார். கழுத்து நரம்பில் வரிசையாகப் போட்ட ஊசியில் செவலை தேறிவிட்டது. மயிலை தேறவில்லை. பிறகு கவலையில் அதைப் பூட்டவே இல்லை. கொட்டிலில் கிடந்து கர்ர் கர்ர் என்று மூச்சு விட்டபடி, காலடிச் சத்தம் கேட்டால் தலையைத் தூக்கிப் பார்க்கும். வந்தது அவர் இல்லையென்றால் தலையைக் கீழே போட்டுக்கொள்ளும்.

நான் சேலத்துக்குத் திரும்பினேன். இருப்புக் கொள்ளவில்லை. ராசிபுரத்துக்கு அந்தப் பக்கம் ஒரு தோட்டத்தில் அவர் சேர்ந்திருப்பதாக மாசியில் தெரிந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறிப் போனேன். மன்னிப்புக் கேட்கத்தான் போனேனா என்று இப்போதும் என்னால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

அவர் என்னைக் கண்டதும் ஓடி வந்தார். தோளில் வடு இன்னும் சிவப்பாக இருந்தது. "வாங்க சாமி, வாங்க. உங்களுக்குத்தான் தாக்கல் சொல்ல ஆளப் பாத்துட்டே இருந்தேனுங்க" என்று என் கையைப் பிடிக்காத குறையாகக் கூட்டிப் போனார். கிணற்று மேட்டுக்கு. அங்கேயும் ஒரு கல்தொட்டி.

"பெரியவங்க கொட்டிப் போடுவாங்கன்னு பயந்து, அன்னைக்கே ஒரு சட்டியில தண்ணியோட அள்ளியாந்துட்டேனுங்க. பங்குனில பரிச்சைன்னீங்களே. பெருசு எட்டு இருக்குதுங்க. சிறுசு எண்ணி மாளாதுங்க. ஒரு நாளுங்கூடத் தொட்டியக் கழுவலீங்க."

தொட்டியின் அந்தப் பக்கம், புதுப் பண்ணையக்காரரின் நான்கு எருதுகளும், கொம்பு முளைக்காத ஒரு காளைக்கன்றும் நின்று குடித்துக்கொண்டிருந்தன. கன்று கண் வரை மூக்கை முக்கியிருந்தது. தண்ணீர் மிகத் தெளிவாக இருந்தது.

அன்று டாக்டர் சொன்னது அவர் காதில் விழவே இல்லை. அவர் எருதுகளோடு தள்ளி நின்றிருந்தார். தொட்டியைக் கழுவாதது தப்பு என்பது மட்டும்தான் அவருக்குச் சொல்லப்பட்டது. ஏன் தப்பு என்று யாரும் சொல்லவில்லை.

நான் சொன்னேன். எல்லாவற்றையும் சொன்னேன், பள்ளிபாளையத்துக் குட்டையிலிருந்து டம்ளர் வரை. சொல்லிக்கொண்டிருக்கும்போதே அவர் கன்றின் கழுத்தைக் கட்டிப் பிடித்துத் தொட்டியிலிருந்து பின்னால் இழுத்துவிட்டார். தார்க்குச்சியால் எருதுகளை விரட்டினார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"பெரியவங்க என்னைய ஏன் கழுவலைன்னு கேட்டாங்களே, அப்பவே இது உங்களுக்குத் தெரியுமுங்களா?"

"தெரியும்" என்றேன்.

அவர் தலையை ஆட்டிக்கொண்டார். குனிந்து தொட்டியின் அடியில் இருந்த துணியடைப்பைப் பிடுங்கினார். தண்ணீர் எங்கள் இருவர் காலையும் நனைத்துக்கொண்டு ஓடியது. நத்தைகளைக் கை கையாக அள்ளிப் பாறையில் போட்டு, கல்லால் நசுக்கினார். எட்டுப் பெரியதையும் நசுக்கினார். நான் உதவிக்குக் குனிந்தபோது கையால் தடுத்தார். எல்லாம் முடிந்ததும் எருதுகள் பக்கத்தில் போய், ஒவ்வொன்றின் மூக்கருகிலும் காதை வைத்துக் கேட்டார். கடைசியாகக் கன்றிடம். அதனிடம் ரொம்ப நேரம் நின்றார்.

"இன்னும் ஒண்ணுஞ் சத்தமில்லை" என்றார், எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டே. "பஸ்ஸுக்கு நேரமாகுது. பொறப்படுங்க."

வரப்பில் பாதி தூரம் நடந்த பிறகுதான் உறைத்தது. அவர் என்னைச் சாமி என்று கூப்பிடவில்லை.